கேமராவைப் பாக்காதீங்க!

"கேமராவைப் பாக்காதீங்க. என்ன நடந்தாலும் உங்க பாட்டுக்கு வேலையைப் பாருங்க."

ஆவணப்படத்துக்காகத் தெருவைப் படமெடுக்கும் தம்பி மூன்று மாதமாகச் சொல்லிச் சொல்லி, அந்த நடைபாதைக் கடைக்காரர்கள் எல்லாரும் தேறிவிட்டார்கள்.

இன்றும் கேமரா வந்தது. கூடவே ஒருவர் வாயில் நுழையாத வார்த்தைகளாக ஒரு காகிதத்தை உரக்கப் படித்தார்.

"நம்மளைத்தான் ஏதோ கேக்குறாங்கண்ணே" என்றாள் பழக்காரி.

"நிமிராதே தங்கச்சி, படம் கெட்டுரும்!" சாவிக்காரர் அரத்தைக் கரகரவென்று இழுத்தார்.

அந்த ஆள் மூன்றாம் முறையும் படித்து முடித்ததும்தான் சாவிக்காரர் நிமிர்ந்தார். தம்பியைக் காணோம், எல்லாம் புது முகங்கள்.

"நல்லா வந்திருக்கா சார்?"

"பிரமாதம்!" என்றார் நகராட்சி அதிகாரி. "கடைகளைக் காலி பண்ண ஆட்சேபம் உண்டான்னு மூணு தடவை கேட்டோம். ஒருத்தர்கூட வாயைத் திறக்கலை. எல்லாம் பதிவாயிடுச்சு. நாளைக்குக் காலையில புல்டோசர் வந்துரும்."

சாவிக்காரர் முதல்முறையாகக் கேமராவை நேராகப் பார்த்தார்.

அதற்கு மூடி போட்டாகிவிட்டது.