திவசக் குழம்பு

குணபூசணி அக்கா வாழைக்காய்க் கறியை இறக்கிவிட்டுக் குழம்பைக் கிளறிக்கொண்டிருந்தாள். பக்கத்து வீட்டுக்காரி. அவளுடைய ஒரே மகள் தில்லைநாயகிக்கு இன்று திவசம்.

நான் ஒத்தாசைக்குத் தேங்காய் துருவினேன். வாயைக் கட்டிக்கொண்டுதான். போன வருஷம் தெரியாத்தனமாகக் கரண்டியில் ஒட்டியதை நக்கப்போய், கையில் பட்டென்று ஒன்று வைத்தாள்.

"செத்த ஆக்களுக்குப் படைக்க முன்னம் ஆரும் வாயில வைக்கப்படாது, புஷ்பவல்லி!"

அந்த மகளை நான் பார்த்ததில்லை. நாங்கள் இந்தப் பிரிக்ஃபீல்ட்ஸ் வட்டாரத்துக்குக் குடிவருவதற்கு முன்பே, பேண்டு வாசிக்கும் ஒரு மணிலாக்காரனோடு போய்விட்டாள்.

அவளைக் கூட்டிவர சிங்கப்பூருக்குப் போன அவள் அப்பா, ரயில்வேயில் கணக்கெழுதும் கிராணி கார்த்திகேசு, தனியாகத்தான் திரும்பினார். மணிலாக் கப்பலேறும் முன்பே பேதியில் போய்விட்டாளாம். அங்கேயே எரித்துவிட்டாராம். பெற்றவளுக்கு ஒரு பிடி சாம்பல்கூடக் கொண்டுவரவில்லை, மனுஷன்.

எனக்குத் தெரிந்து அக்கா சிரித்ததே இல்லை. மனசு கேட்காமல்தான் நேற்று மத்தியானம் அவளைப் பேசாத படத்துக்கு இழுத்துக்கொண்டு போனேன்.

மணிலாவில் எடுத்த படம். போன படத்தில் வேலைக்காரியாக ஓரத்தில் நின்றவள் இதில் கதாநாயகி என்று வாசலில் கொட்டடிக்கிறவன் கத்தினான். ஏதோ வாயில் நுழையாத பெயர். பவுடர் அப்பிய முகம், தோளில் விறைத்து நிற்கும் வலைச்சட்டை. எனக்குத் தூக்கம் தூக்கமாக வந்தது.

கடைசியில் அவள் அழுதுகொண்டே மாதா கோயிலுக்குள் ஓடினாள். சிலைக்கு முன்னால் நின்றாள். சிலுவை போட வேண்டியவள், இரண்டு கைகளையும் குறுக்கே மாற்றி, நெற்றிப்பொட்டில் மடமடவென்று குட்டிக்கொண்டாள்.

கொட்டகையே சிரித்தது. "மணிலாவுலயும் நம்ம பிள்ளையார்தான்டா!" என்று முன்பெஞ்சில் ஒருவன் கூவினான். நானும் வயிறு வலிக்கச் சிரித்தேன்.

அக்கா சிரிக்கவில்லை. பெஞ்சின் விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டு திரையையே பார்த்தாள். திவசம் வருகிறதே, மகள் நினைப்பாக இருக்கும் என்று நானும் விட்டுவிட்டேன்.

முன்னறையில் இலை போட்டாகிவிட்டது. குளித்துத் திருநீறு பூசிய கார்த்திகேசு, படையல் என்னாயிற்று என்று பார்க்க அடுப்படி வாசலில் வந்து நின்றார்.

அக்கா கரண்டியில் குழம்பை அள்ளினாள். உள்ளங்கையில் ஊற்றினாள். நக்கிப் பார்த்தாள்.

என் கையிலிருந்த தேங்காய் மூடி நழுவி விழுந்தது.

"உப்புக் கொஞ்சம் குறைவு," என்றாள், அவரைப் பார்த்து.

ஆசாரம் பார்த்துப் பார்த்து வீட்டையே ஆட்டிவைக்கிற மனுஷன். இப்போது தலையைக் குனிந்துகொண்டார்.

அவள் உப்பைப் போட்டுக் கிளறி, மறுபடியும் ருசி பார்த்தாள்.