ஜன்னல் காட்சி

“நாடகம் முடியப் போகுதும்மா. இன்னும் உன்னைக் காணோமே.”

லோர்னா தன் அம்மாவின் காதில் முணுமுணுத்தாள். எழுபத்தொன்பது வயது அம்மா நெட்டி திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாடகங்களைத் தொலைக்காட்சியில் நேரடியாக ஒளிபரப்பிய காலத்து நடிகர்களுக்காக, நியூயார்க்கில் ஓர் அருங்காட்சியகம் பெயர்ச் சுவர் எழுப்பிக்கொண்டிருந்தது. திரையில் ஆளைக் காட்டினால்தான் சுவரில் பெயர். நெட்டி ஆறு வருடம் நடித்ததெல்லாம் காற்றோடு போய்விட்டது. படச்சுருளில் பதிவாகி மிஞ்சியது 1954-இல் வந்த இந்த ஒரு நாடகம்தான்.

“நான் இல்லாட்டி அந்த நாடகமே இல்ல” என்று ரயிலில் வரும்போதுகூட நெட்டி மார்தட்டினாள். இப்போது லோர்னாவுக்குச் சந்தேகம் வந்துவிட்டது. பள்ளிக்கூட நாளிலிருந்து தான் ஊரெல்லாம் பீற்றிக்கொண்ட நடிகை அம்மா வெறும் கட்டுக்கதைதானா?

“காபித் தட்டு கொண்டு வந்த வேலைக்காரி நீங்களா மேடம்?” அருங்காட்சியகப் பொறுப்பாளர் பெல்டன் பரிவோடு கேட்டார்.

“இல்ல.”

கிழவிக்கு நினைவு தப்பிவிட்டது என்று பெல்டன் முடிவு கட்டிவிட்டார். பேச்சை மாற்ற, நாயகி கான்ஸ்டன்ஸின் புகழ் பாடத் தொடங்கினார். புருஷனைப் பறிகொடுத்தவள் கறுப்பு உடையில், ஜன்னல் பக்கம் திரும்பி, முகத்தையே காட்டாமல் மூன்று நிமிடம் அழும் காட்சி இன்றைக்கும் நடிப்புப் பள்ளிகளில் பாடமாம். அவள் இறந்து பத்து வருடமானாலும், சுவரில் முதல் பெயர் அவளுடையதுதானாம்.

“தோள் மட்டும் அழும் மேடம். அந்த மாதிரி இனி ஒருத்தி பொறந்து வரணும்.”

நெட்டியின் முகம் பூரித்தது. அந்தக் காட்சியை மறுபடி போடச் சொன்னாள்.

கறுப்பு உடை ஜன்னலோரம் குலுங்கிக் குலுங்கி அழுதது. மறுநொடியே திரையில் நாயகியின் பழைய நினைவு. வெள்ளைக் கல்யாண உடையும் தலையில் பூவுமாகக் கான்ஸ்டன்ஸ் சிரித்துக்கொண்டே தேவாலயப் படியில் இறங்கினாள்.

“நிறுத்துங்க தம்பி” என்றாள் நெட்டி. “இது சினிமா இல்ல, வெட்டி ஒட்டுறதுக்கு. நேரடி ஒளிபரப்பு. ஒரு நொடியில அவ எப்படி உடை மாத்தியிருப்பா?”

பெல்டன் படத்தை நிறுத்தினார். ஐம்பது வருடமாக யாருக்கும் தோன்றாத கேள்வி அது. லோர்னா அம்மாவின் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

நெட்டி நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

“பக்கத்து செட்டுல ரெண்டு பேர் அவளுக்குக் கல்யாண உடையை மாட்டிக்கிட்டிருந்தாங்க. ஜன்னல்கிட்ட அழுதது நான்.”