நடுவில் ஒரு மேடு

“துணி தேய்க்கக் குடுத்துட்டு வரேங்க” என்று பையோடு நின்றாள் மனைவி.

மடிக்கணினியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை கணவன். “கதவ மெதுவா சாத்து. மைக்ல விழும்.”

ஸ்பீக்கர் செய்து விற்கிறவனுக்குப் படுக்கையறைதான் பட்டறை. பொத்தானை அழுத்தினான். அடித்தொண்டை உறுமலில் தொடங்கிய சத்தம் ஏறி ஏறி ஊசிக் கீச்சாக முடிந்தது. மைக் கேட்டதையெல்லாம் திரை கோடாக வரைந்தது. எந்தச் சத்தத்தையும் கூட்டாமல் குறைக்காமல் தருகிற ஸ்பீக்கருக்குக் கோடு மட்டமாக வரவேண்டும்.

வரவில்லை. நடுவில் ஒரு மேடு.

போன மாதம் லேசாகத் தலைகாட்டியதுதான். வாரத்துக்கு வாரம் வளர்ந்து இப்போது ஒட்டக முதுகாக நிற்கிறது.

மச்சினன் வேலை. நண்பன் வீட்டு விசேஷத்துக்கென்று இரவல் வாங்கிப் போனவன், உள்ளே இருந்த நல்ல பாகத்தைக் கழற்றிவிட்டு மட்டமானதை மாட்டியிருப்பான். அதுதான் நாளாக நாளாகப் பல்லை இளிக்கிறது.

இந்த மனுஷன் சந்தேகப்படாத ஆள் பாக்கியில்லை. பால்காரர், மாடிவீட்டுக்காரர், மீட்டர் பார்க்க வந்தவர். மச்சினனை நேருக்கு நேரே கேட்டுவிட்டான். அன்றைக்கு அவள் குரலை உயர்த்தாமல் சொன்னாள்: “என் தம்பிய இன்னொரு வாட்டி திருடன்னு சொன்னீங்கன்னா, இந்த வீட்ல நான் இருக்க மாட்டேன்.”

அடுத்த வாரமே மறுபடி சொன்னான். அவள் வாயே திறக்கவில்லை. அடங்கிவிட்டாள் என்று நினைத்துக்கொண்டான்.

இன்று கையும் களவுமாகப் பிடித்துவிடலாம். மச்சினன் கொண்டுபோனது ஜோடியில் ஒன்றைத்தான். வீட்டுப் படி தாண்டாத மற்றதை அதே இடத்தில் வைத்து அளந்தான்.

அதே மேடு.

மைக்கை மாற்றினான். அதே மேடு.

அப்படியானால் ஸ்பீக்கர் யோக்கியன். மைக்கும் யோக்கியன். மச்சினனும்...

அதை முடிக்க அவனுக்கு மனசு வரவில்லை.

மாறியிருப்பது அறை. துணி சத்தத்தைக் குடிக்கும். துணி குறைந்தால் சுவர் அதைத் திருப்பித் துப்பும். காலி வீட்டில் பேசினால் குரல் முழங்குவது அதனால்தானே.

சுற்றிலும் பார்த்தான். மெத்தை இருக்கிறது. கம்பளம் இருக்கிறது. ஜன்னல் திரையும் இருக்கிறது.

சுவரோரம் துணி மாட்டும் கம்பி. அதை மறைத்து ஒரு திரை. விலக்கினான்.

அவள் பக்கத்தில் ஒரு சேலைகூட இல்லை. வெறுமை தெரியாதபடி அவனுடைய சட்டைகளைத் தள்ளித் தள்ளி, அந்தக் கோடி வரைக்கும் பரப்பி மாட்டியிருந்தாள். எல்லாம் மடிப்புக் கலையாமல் தேய்த்த சட்டைகள்.

வாரா வாரம் வாசலைத் தாண்டிய அந்தப் பையை மட்டும் அவன் சந்தேகப்பட்டதே இல்லை.

ஹெட்போனை மாட்டிக்கொண்டு முதல் பதிவை மறுபடி ஓடவிட்டான். உறுமல் தொடங்குவதற்கு முன்னால் கதவுச் சத்தம் விழுந்திருக்கிறதா என்று தேடினான். திரும்பத் திரும்பத் தேடினான்.

சொன்னபடி மெதுவாகத்தான் சாத்தியிருந்தாள்.