முகம் இல்லாத காட்சிகள்

"கேமராவப் பாக்காதீங்கண்ணே, நாங்க இங்க இல்லன்னு நெனச்சுக்கங்க" என்று டைரக்டர் சொன்னதைத் தையற்காரர் கொஞ்சம் அதிகமாகவே கேட்டுக்கொண்டார். நகரத்துக் கடைகளைப் பற்றிய ஆவணப்படம் அது. மழைக்காலம் முழுக்க அவர் கடையில் எடுத்த காட்சிகள் எதிலும் முகம் இல்லை, முதுகுதான். படம் முடிவதற்குள் அவர் இறந்துபோனார்.

அவர் மனைவி எடிட்டிங் அறைக்கு வந்தாள்.

"ஒரே ஒரு தடவை அவரு மூஞ்சியப் பாக்கணும்மா."

"வீட்டுல போட்டோ இல்லையாக்கா?" என்றாள் எடிட்டர்.

"கல்யாணத்தன்னிக்கு எடுத்தது இருக்கு. அது இஸ்திரி போட்ட மூஞ்சி. எனக்கு வேலை செய்யற மூஞ்சி வேணும்."

எடிட்டர் எல்லாவற்றையும் ஓட்டிக் காட்டினாள். முதுகு, பிடரி, சட்டையில் ஒட்டிய நூல். கடைசிக் காட்சியும் வந்தது.

"இவ்வளவுதாங்க்கா."

"எம் பேச்ச ஒரு நாள் கேட்டதில்ல. உங்க பேச்சக் கேட்டிருக்காரு பாரு."

திரையைப் பார்த்து, அடுத்த அறையில் இருப்பவரைக் கூப்பிடுவதுபோல் கூப்பிட்டாள். "ஏங்க, இங்க பாருங்க."

தையல் இயந்திரம் நின்றது. தையற்காரர் திரும்பினார். வாயிலிருந்த குண்டூசியை எடுத்துவிட்டு, "என்ன?" என்றார்.

எடிட்டர் எதையும் தொடவில்லை; இரண்டு கைகளும் மடியில் இருந்தன.

மனைவி அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். "ஒண்ணுமில்ல. நீங்க தைங்க."

அவர் குண்டூசியைப் பழையபடி வாயில் வைத்துக்கொண்டு திரும்பிக்கொண்டார். காட்சி அந்த இடத்தில் முடிந்திருக்க வேண்டும். ஓடிக்கொண்டே இருந்தது.

"நிறுத்தட்டுமாக்கா?"

"வேணாம்மா. தைச்சு முடிக்கட்டும்."