நலுங்குக்கு வந்த நடிகை

"அண்ணாச்சியக் கூட்டிட்டு வரலியாக்கா?"

ஞானசுந்தரி பந்தலுக்குள் கால் வைத்ததுமே ஒருத்தி கேட்டாள். பதில் தயாராக இருந்தது.

"அந்த மனுசன் மூக்குக்கண்ணாடியத் தேடிட்டிருக்காரு. மூக்கு மேலதான் இருக்கு. தேடட்டும்னு விட்டுட்டு வந்துட்டேன்."

பந்தல் குலுங்கியது.

எம். புதுப்பட்டியில் குருவம்மாளுக்குக் கல்யாணம். பட்டாசுக் கம்பெனியில் அன்றைக்குப் பாதிப் பேர் வேலைக்குப் போகவில்லை. சிவகாசியில் 'செண்பகம் வீடு' நாடகம் பார்த்துவிட்டு வந்த அலுப்பு தீருமுன்பே செண்பகமே ஊருக்குள் வந்து நின்றால் யார்தான் வேலைக்குப் போவார்கள்?

மறதிக்காரப் புருஷனைக் கட்டி மேய்க்கும் செண்பகமாக ஞானசுந்தரி ஒன்பது வருஷமாக நடிக்கிறாள். அதற்கு முன்பு புராண நாடகங்களில் ராணிக்குப் பின்னால் விசிறி வீசிக்கொண்டு நின்றவள். அப்போது யாருக்கும் அவள் பெயர் தெரியாது. இப்போதும் தெரியாது. சாத்தூரானாலும் விருதுநகரானாலும் அவள் எல்லோருக்கும் செண்பகக்காதான்.

மேடைப் புருஷன் கோட்டைச்சாமியோடு அவள் போடும் சண்டையைப் பார்த்துச் சிரித்துவிட்டு, வீட்டுச் சண்டையை மறந்து ஒன்றாக நடந்துபோன ஜோடிகள் உண்டு. அவர்தான் நிஜப் புருஷன் என்று நம்பியவர்களும் உண்டு. அவள் மறுத்ததில்லை. அகலக் குங்குமமும், மஞ்சள் மினுங்கும் தாலிக் கயிறும் இல்லாமல் வெளியே யாரும் அவளைப் பார்த்ததுமில்லை.

பெண்ணின் அம்மா இருளம்மாள், முந்தின நாள் விடிந்ததும் விடியாததுமாக நாடகக்காரர்கள் தங்கியிருந்த வீட்டுக்கே வந்து கல்யாணத்துக்கு அழைத்திருந்தாள். தட்ட மனம் வரவில்லை.

குருவம்மாளை நலுங்கு வைக்க மணையில் உட்கார்த்தினார்கள். கை நிறைய மஞ்சள் பூசியும், நகக்கண்ணில் ஏறிய பட்டாசு மருந்தின் சாம்பல் நிறம் போகவில்லை. பெண்ணின் சித்தப்பா சோணைமுத்து குங்குமத் தட்டை ஞானசுந்தரியிடம் நீட்டினார்.

"மொதப் பொட்டு நீங்க வைங்கம்மா. ஒங்களப் போல எங்க புள்ளையும் மகராசியா இருக்கணும்."

ஒன்பது வருஷத்தில் ஒரு வசனத்தைக்கூட மறக்காதவள் தட்டைத் தொடாமல் கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

"எனக்குக் கைராசி கிடையாதுங்க" என்று சிரித்தாள்.

அதையும் தமாஷ் என்று எடுத்துக்கொண்டு பந்தல் சிரித்தது. தட்டு நீட்டியபடியே இருந்தது. பெண் அண்ணாந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கொஞ்சம் தண்ணி குடிச்சிட்டு வந்துடறேன்" என்று சமையல் பக்கம் ஒதுங்கினாள்.

அங்கே தட்டி மறைவில் வெள்ளைச் சேலையில் நின்றிருந்தாள் இருளம்மாள். கம்பெனித் தீயில் புருஷனைப் பறிகொடுத்தவள். தாலி ஏறும்வரை மகள் பக்கம் வரக்கூடாது என்பது சொந்தக்காரர்களின் கட்டளை. செம்பை நீட்டியவள் குரலைத் தாழ்த்தினாள்.

"நேத்து நான் வந்தப்ப நீங்க குளிச்சிட்டிருந்தீக. ஒங்க தாலி சவுரிமுடியோட ஆணியில தொங்குச்சு. அதப் பாத்துட்டுத்தாம்மா கூப்பிட்டேன்."

செம்பை வாங்கிய ஞானசுந்தரி, இன்னொரு கையால் தாலிக் கயிற்றைச் சேலைக்குள் தள்ளினாள்.

கூட மிருதங்கம் வாசித்த புருஷனுக்குக் கருமாதி முடிந்த கையோடு மறுபடி மேடையேறியவள் அவள். கழுத்தில் கிடந்தது நாடகப் பெட்டியைச் சேர்ந்த தாலி. நாடகக்காரர்களைத் தவிர வெளியே யாருக்கும் அது தெரியாது.

"என் கை படக்கூடாதுன்னுட்டாக" என்றாள் இருளம்மாள். "நம்மள்ல ஒருத்தி கையாவது படட்டுமே."

ஞானசுந்தரி செம்பைக் கீழே வைத்தாள். அடுத்து வந்தது செண்பகத்தின் குரல், கடைசி வரிசைக்கும் கேட்கும் குரல்.

"என்ன மதினி, என்னைய மட்டும் வேலை வாங்கிட்டு இங்கன ஒளிஞ்சுக்கிட்டா எப்படி? தட்டு யாரு பிடிக்கிறது? வாங்க!"

மணிக்கட்டைப் பிடித்துத் தரதரவென்று இழுத்துக்கொண்டு பந்தலுக்கு வந்தாள். நாடகத்தில் சமையல்காரியை இழுத்துவருவது போலவே இருந்ததால் ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. தடுக்க வாய் திறந்த சோணைமுத்துவும் சிரித்துவிட்டார். அதற்குள் தட்டு இருளம்மாள் கைக்கு மாறியிருந்தது.

ஞானசுந்தரி குங்குமத்தைத் தொட்டுப் பெண்ணின் நெற்றியில் வைத்தாள்.

பொட்டு விழும்போது குருவம்மாள் தட்டைப் பிடித்திருந்த அம்மாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.