இல்தார் வரும் நேரம்

ஆர்செனி எழுந்தான். கெட்டிலில் தண்ணீர் வைத்தான். பூனைக்குத் தீனி போட்டான். முகம் கழுவினான். சவரம் செய்யவில்லை. ஜன்னல் கண்ணாடி முழுக்க உறைபனி. வெளியே பார்க்க ஒன்றுமில்லை.

மணி அடித்தது.

இல்தார்தான். வேறு யார் வரப்போகிறார்கள்?

வாசலில் காலணியைக் கழற்றினான். விருந்தாளிகளுக்கென்று இருந்த செருப்பை மாட்டிக்கொண்டான். அது அவன் பாதத்தில் பாதிக்குத்தான் வந்தது. தன் அம்மா சுட்டுக் கொடுத்த இறைச்சி ரொட்டியை மேசையில் வைத்துவிட்டு, கேட்காமலே அடுப்பைப் பற்றவைத்தான்.

இல்தார் பெர்ம் நகரத்து பாலே நடனக் குழுவில் ஆடுபவன். மேடையில் மர்யானாவின் ஜோடி. ஆர்செனிக்கு அவள் மனைவியாக இருந்த காலத்தைவிட, இவனுக்கு ஜோடியாக இருந்த காலம் அதிகம். நாள் தவறாமல் அவளைத் தலைக்குமேல் தூக்கிப் பத்திரமாக இறக்கிவிட்டவன்.

ஒரு நாள் தவிர.

இலையுதிர் காலத்தில், ஒத்திகையில், அவள் ஓடிவந்து பாய்ந்தாள். அவன் கைக்கு அவள் கிடைக்கவில்லை. இடுப்பெலும்பு முறிந்தது. அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. மறுநாள் விடிவதற்குள் ரத்தம் உறைந்து நுரையீரலை அடைத்துக்கொண்டது.

மருத்துவமனை நடைவழியில் இல்தார் ஒன்றுதான் கேட்டான். தன்னைப் பற்றி அவள் கடைசியாக ஏதாவது சொன்னாளா?

தூக்கத்திலேயே போய்விட்டாள் என்று ஆர்செனி சொன்னான்.

அடக்கம் முடிந்த மறுநாள் காலை முதன்முறையாக மணி அடித்தது. அன்றிலிருந்து இல்தார் ஆடுவதில்லை. ஆர்செனியின் வீட்டு வேலைகளைச் செய்கிறான்.

ஒழுங்காகச் செய்தாலாவது பரவாயில்லை.

ரவைக் கஞ்சி தினமும் அடிபிடிக்கும். சொட்டாத குழாயை இறுக்கினான், இப்போது அது இரவெல்லாம் சொட்டுகிறது. பூனைக்கு மறுபடியும் தீனி போடுவான். பூனை உருண்டையாகிவிட்டது. ஒரு பெண்ணை ஒற்றைக் கையில் தூக்கி நிறுத்தத் தெரிந்தவனுக்கு ஒரு திருகாணியைத் திருகத் தெரியவில்லை.

மர்யானா நாற்காலியில் கழற்றிப் போட்டிருந்த கம்பளிக் காலுறையை ஒரு நாள் எடுத்துத் துவைத்துக் காயப்போட்டுவிட்டான். அதில் அவள் வாசனை மிச்சமிருந்தது. அதற்குப் பிறகு ஒரு வாரம் ஆர்செனி அவனோடு பேசவில்லை. இரண்டு பேருக்கும் சேர்த்து இல்தாரே பேசினான்.

இப்போது பாத்திரத் தொட்டி முன்னால் நின்று சட்டியைச் சுரண்டிக்கொண்டிருந்தான். பாலே மேடையில் நிற்பதுபோலக் குதிகால்கள் ஒட்டியிருந்தன. பாதங்கள் இரண்டு பக்கமும் விரிந்து கிடந்தன. டீ எடுக்கப் போன ஆர்செனி, வழக்கம்போல அந்தக் காலில் தடுக்கினான்.

"மனுஷன் மாதிரி நில்லேன்டா!"

"நான் மனுஷன் மாதிரிதான் நிக்கறேன். உன் சமையலறைதான் எலிப்பொறி மாதிரி இருக்கு."

போன் அடித்தது. பாலே ஆசிரியை தமாரா எவ்கேனியெவ்னா. அவர் ஹலோ சொல்லும் வழக்கமில்லை.

"உன் வீட்டுல சட்டி கழுவறதுக்கா சின்ன வயசுலேருந்து அவன் முதுகை நிமிர்த்தி நிமிர்த்தி வளத்தேன்? இன்னிக்கு ஒத்திகைக்கு வரலைன்னா அவன் வேஷத்தைப் புதுசா வந்தவனுக்குக் கொடுத்துடுவாங்க. அந்தப் புதுப்பையன் பொண்ணைத் தூக்கறதைப் பாத்தா சிமெண்டு மூட்டை தூக்கற மாதிரி இருக்கு. நீ சொன்னா கேப்பான். சொல்லுப்பா."

வைத்துவிட்டார்.

ஆர்செனி சொல்லாமலா இருக்கிறான்? போகச் சொல்லியாயிற்று. கத்தியாயிற்று. ஒரு நாள் கதவைத் திறக்காமலும் இருந்து பார்த்தான். இல்தார் மாடிப்படியில் உட்கார்ந்து எதிர்வீட்டுக்காரரிடம் ஆர்செனியின் உடம்பு இளைத்துப்போனதைப் பற்றிப் பேச ஆரம்பித்தான். பொறுக்க முடியாமல் கதவைத் திறக்க வேண்டியதாயிற்று.

பாலே ஆடும் உடம்பு இல்தாரின் வயதில் ஒரு குளிர்காலம் முழுக்கச் சும்மா இருந்தால் மறுபடி வழிக்கு வராது. இன்னும் கொஞ்ச நாள் போனால், அவனே ஆசைப்பட்டாலும் நடக்காது. மர்யானாவோடு குடித்தனம் நடத்தியவனுக்கு இதுகூடவா தெரியாது?

இல்தார் கையைத் துடைத்துக்கொண்டு திரும்பினான்.

"தமாராதானே? நாளையிலேருந்து கூப்பிட மாட்டாங்க. மத்தியானம் போய் விலகிக்கறேன்னு எழுதிக் கொடுக்கப் போறேன். மாமா அவரோட டயர் கடையில வேலை தர்றேன்னு சொல்லியிருக்கார். கடையை மெதுவாத்தான் திறப்பாங்க. தினமும் உன்னைப் பாத்துட்டே போலாம்."

நல்ல செய்தி கொண்டுவந்தவனைப் போலச் சிரித்தான்.

ஆர்செனிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவன் கையிலிருந்த துணியைப் பிடுங்கி மேசையில் எறிந்தான்.

தினமும் வருவானாம். கஞ்சி தினமும் தீயும். குழாய் சொட்டும். மணி அடிக்கும்.

மணி அடிக்காத ஒரு காலையை நினைத்துப் பார்த்தான். எதற்காக எழுந்திருப்பது என்று தெரியவில்லை.

இல்தார் துணியை எடுத்து மடித்துக்கொண்டிருந்தான். அதையும் கோணலாகத்தான் மடித்தான்.

"அதைக் கீழ வை. உக்காரு," என்றான் ஆர்செனி. "அன்னிக்கு அவ தூங்கல."

அறுவை சிகிச்சை முடிந்த அன்று இரவு மர்யானா ஆரஞ்சு உரித்துத் தரச் சொன்னாள். நர்ஸ் நடக்கும் நடையைக் கேலி செய்தாள். பிறகு ஆர்செனியின் சட்டைக் கையைப் பிடித்துக் கிட்டே இழுத்தாள். கதவுப் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினாள்.

"இல்தார் மேல தப்பே இல்ல. நான்தான் அவசரப்பட்டு முன்னாடியே பாய்ஞ்சுட்டேன். நீ வாயைத் திறக்காத, வருஷம் பூரா சொல்லிக் காட்டுவான். காலையில வருவான்ல, நானே சொல்லிக்கறேன்."