பத்தடி முடிச்சு

பள்ளிக்கூடத்து ரோட்டில் வெள்ளைக் கோடு போட்டுக்கொண்டிருந்த பெயின்டரம்மாவின் முன்னால் இன்ஜினியரின் ஜீப் வந்து நின்றது.

“ஒரு லேன் பன்னெண்டு அடி இருக்கணும்மா. நீ பத்தடிதான் விட்டிருக்கே. மிச்சம் ரெண்டடி எங்கே?”

“ரோடு அகலமாத் தெரிஞ்சா லாரிக்காரன் பறக்கிறான் சார். ஒடுக்கமாத் தெரிஞ்சா பயந்து ஊர்றான். காலையிலேர்ந்து ஆமைகூடப் பின்னாடி நின்னு ஹாரன் அடிக்குது.”

“எனக்கே பாடமா? அழிச்சுட்டு ஒழுங்காப் போடு. இல்லேன்னா நாளையிலேர்ந்து வேலைக்கு வராதே!”

அவர் போட்ட சத்தத்தில் ஈரப் பெயின்ட் காய்ந்தே போனது.

“வேலை போனாலும் அழிக்க மாட்டேன் சார்.”

ஆத்திரத்தோடு அவளுடைய அளவுக் கயிற்றைப் பிடுங்கிப் பார்த்தார். சரியாகப் பத்தாவது அடியில் கெட்டியாக ஒரு முடிச்சு.

“யாரைக் கேட்டு இந்த முடிச்சைப் போட்டே?”

“நான் எங்கே போட்டேன்? போன மாசம் உங்க வீட்டுத் தெருவுல கோடு போட வந்தேனே, அப்போ ‘என் பேத்தி விளையாடற இடம், வண்டியெல்லாம் மெதுவாப் போகணும்’னு நீங்கதானே உங்க கையால போட்டீங்க!”

பெயின்டரம்மா மறுபடி பிரஷை எடுத்தாள்.

“அவுக்கணும்னா அவுத்துடுங்க சார். அழிக்கிறதை உங்க தெருவுலேர்ந்தே ஆரம்பிச்சிடறேன்.”

கயிற்றை முடிச்சோடு அவளிடமே கொடுத்துவிட்டு இன்ஜினியர் கிளம்பினார். புதுக் கோட்டுக்குள் ஜீப் ஊர்ந்துதான் போனது.